ஒன்பதாம் காட்சிக்கு முன்னால்

தோகுவா கினேமா ஸ்டுடியோவின் நான்காவது படப்பிடிப்புத் தளத்துக்குப் பின்னால், யாரும் புதைக்கப்படாத கல்லறை ஒன்று இருந்தது. 1955 ஆகஸ்ட் பதின்மூன்றாம் தேதி மாலை ஆறேகால் மணிக்கு அதிலிருந்து ஒருத்தி எழுந்து, கியோத்தோவின் மேற்கே போகும் டிராம் தண்டவாளத்தின் ஓரமாகவே நடந்து, கதாசிரியர் குரமோச்சி தெய்ஜியின் வீட்டுக்குப் போனாள். பிறகு கல்லறைக்குத் திரும்பவில்லை. அந்தக் காலத்தில் நான் அதே ஸ்டுடியோவில் திரைக்கதைகளை மெழுகுத்தாளில் எழுதி அச்சடிக்கும் பிரிவில் வேலை பார்த்தேன். இதில் பாதி நான் கண்ணால் பார்த்தது, மீதி குரமோச்சியின் மனைவி ஃபுசாயே அம்மா சொன்னது. எந்தப் பாதி எது என்று இப்போது எனக்கே பிரிக்கத் தெரியாது.

குரமோச்சி பெரிய கலைஞர் இல்லை. அப்படி யாராவது சொன்னால் அவருக்கே கோபம் வரும். போர் முடிந்து, வாள்சண்டைப் படம் எடுக்கக் கூடாது என்று அமெரிக்கர்கள் சொன்ன வருடங்களில் அவர் துப்பறியும் கதை எழுதினார். தடை நீங்கியதும் அதே கதைகளில் துப்பாக்கியை எடுத்துவிட்டு வாளைக் கொடுத்தார், தொப்பியைக் கழற்றிவிட்டுக் குடுமி வைத்தார், மறுபடியும் விற்றார். ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. கண்டுபிடித்தவர்களும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. ஒரே டிக்கெட்டில் இரண்டு படம், வாராவாரம் படம் மாற வேண்டும் என்றிருந்த காலம் அது. அதனால் கதாசிரியர்களை வீட்டில் விட்டுவைக்க மாட்டார்கள். கமோ ஆற்றங்கரையில் ஒரு விடுதியில் அறை எடுத்து, உள்ளே தள்ளி, கதை முடியும்வரை சாப்பாட்டை மட்டும் அனுப்புவார்கள். எங்கள் தொழிலில் இதற்கு டப்பாவில் அடைப்பது என்று பெயர். மற்றவர்கள் டப்பாவுக்குள் பத்து நாள் புலம்புவார்கள். குரமோச்சி நாலே நாளில் முடித்துவிட்டு, ஐந்தாம் நாள் வெந்நீர்த் தொட்டியில் ஊறிவிட்டுத் தூங்குவார். அவர் கதைகளில் ஆண்களுக்கு ஊர், குரு, பகை, பழைய காயம் எல்லாம் இருக்கும். பெண்கள் வருவார்கள், அழுவார்கள், சாவார்கள். அதற்குமேல் அவர்களைப் பற்றி யோசிக்க நாலு நாள் போதாது.

வெயில் காலத்தில் பேய்ப் படம் போடுவது எங்கள் நாட்டு வழக்கம். பயத்தில் முதுகு சில்லிட்டால் புழுக்கம் தெரியாது என்று ஒரு கணக்கு. அந்த வருடம் ஊரறிந்த பேய்களை எல்லாம் மற்ற கம்பெனிகள் எடுத்துக்கொண்டுவிட்டன. கதை இலாகாத் தலைவர் ஹத்தனாகா, சிகரெட்டை வாயின் ஒரு மூலையிலிருந்து மறு மூலைக்குத் தள்ளிக்கொண்டே பேசுகிறவர், விடுதி அறை வாசலில் நின்று சொன்னார்: "வாத்தியாரே, புதுசா ஒரு பேய் பண்ணிக் குடுங்க. சொந்தப் பேய்னா எவனும் பங்குக்கு வர மாட்டான்." குரமோச்சி நாலு நாளில் ஒதாகியைப் பண்ணிக் கொடுத்தார். ஹொரிகாவா கரையில் அவுரிச் சாயம் போடும் ஒருவனின் மனைவி அவள். கணவனுக்கு மொத்த வியாபாரியின் மகள்மேல் கண். ஒன்பதாம் காட்சியில் ஒதாகி முற்றத்தில் துணி உலர்த்துகிறாள். முப்பத்தொன்றாம் காட்சியில் கணவன் அவளைச் சாயத் தொட்டியில் தள்ளி மூடுகிறான். முப்பத்துமூன்றில் தொட்டியின் விளிம்பை இரண்டு நீலக் கைகள் பிடிக்கின்றன. படத்தின் பெயர் 'நீலத் தொட்டி'. கறுப்பு வெள்ளைப் படம்தான், ஆனால் அதைப் பற்றி யாரும் கவலைப்படவில்லை.

சிக்கல் படப்பிடிப்பில் வந்தது. பேய்ப் படம் எடுப்பவர்கள், தொடங்குவதற்கு முன் அந்தப் பேயின் கல்லறைக்குப் போய் ஊதுபத்தி ஏற்றி, உங்களை வைத்துத்தான் பிழைக்கிறோம், கோபித்துக்கொள்ளாதீர்கள் என்று சொல்லிவிட்டு வர வேண்டும். நடிகர்கள், தச்சர்கள், டீ போடுகிறவர் எல்லாரும் போவார்கள். ஒதாகிக்குக் கல்லறை இல்லை. கும்பிடாமல் தொடங்கினார்கள். முதல் நாள் மேலே கட்டியிருந்த விளக்கு ஒன்று விழுந்தது. இரண்டாம் நாள் எடுத்த படச்சுருள் முழுக்க வெளிச்சம் பட்டு வெளுத்துப்போனது. மூன்றாம் நாள் விளக்குக்காரர்களின் தலைவர் தொகுசோ ஏணியிலிருந்து இறங்கி, கையுறையைக் கழற்றிக் கீழே வைத்துவிட்டார்.

"கற்பனைப் பேய்டா தொகுசோ," என்றார் ஹத்தனாகா. "வாத்தியார் விடுதியில உக்காந்து பீர் குடிச்சுக்கிட்டே எழுதினது."

"விளக்கு விழுந்தது கற்பனை இல்லீங்களே," என்றார் தொகுசோ.

ஹத்தனாகா கலை இலாகாவிடம் கல்லறை ஒன்று செய்யச் சொன்னார். பிளாஸ்டரில் செய்திருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஆனால் அது ஜூன் மாதம், மழை விடாமல் பெய்தது. பிளாஸ்டர் கரைந்துவிடும் என்று கல் தச்சரிடம் உண்மையான கல்லே வாங்கிவிட்டார்கள். கல் உண்மை என்பதால் ஒரு புத்தக் கோயில் குருவைக் கூப்பிட்டார்கள். குருவிடம் இது சினிமா என்று சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை. அவர் இறந்த தேதி கேட்டார். திரைக்கதையைப் பார்த்து ஏழாம் மாதம் பதின்மூன்று என்றார்கள். வயது கேட்டார். இருபத்திரண்டு என்றார்கள். உறவு யார் என்று கேட்டார். யாரும் இல்லை என்றார்கள், அதுவும் கதைப்படி சரிதான். குருவுக்கு மனம் இளகிப்போய், வழக்கத்தைவிட நீளமாக ஓதி, இறந்தவர்களுக்கு வைக்கும் பெயரையும் வைத்துக் கல்லில் எழுதச் சொன்னார். மழையில் குடை பிடித்துக்கொண்டு அறுபத்துமூன்று பேர் கைகூப்பினோம். நானும் கூப்பினேன். அதற்குப் பிறகு ஒரு விளக்கும் விழவில்லை. ஆனால் நாங்கள் யோசிக்காத விஷயம் ஒன்று இருந்தது. செத்துப்போனவள் என்று இவ்வளவு ஒழுங்காக உறுதிசெய்யப்பட்ட ஒருத்தி, அதற்கு முன் உயிரோடு இருந்திருக்க வேண்டும்.

ஆகஸ்ட் பதின்மூன்று, இறந்தவர்கள் வீட்டுக்கு வரும் நாள். ஃபுசாயே வாசலில் மண்தட்டு வைத்துச் சணல் தட்டைகளைக் கொளுத்தினாள். மாமியாருக்கு வழி தெரிய வேண்டும். கல்யாணமாகிப் பதினேழு வருடத்தில் அவளுக்குக் குழந்தை இல்லை. வருடாவருடம் சாம்பலைத் தட்டும்போது ஒரே கேள்வியைக் கேட்பாள்: "நமக்கு அப்புறம் இதை யாருங்க ஏத்துவாங்க?" குரமோச்சியும் ஒரே பதிலைச் சொல்வார்: "ஏத்தலைன்னா என்ன, வீடு தெரியாமலா போயிடும்?" அன்று அந்தப் பதிலுக்குப் பின் ஃபுசாயே நிமிர்ந்தபோது, புகைக்கு அந்தப் பக்கம் ஒருத்தி சொட்டச் சொட்ட நின்றிருந்தாள். முழங்கைவரை இரண்டு கையும் நீலம்.

"கதை எழுதறவங்க வீடு இதுங்களா?"

"ஆமா. யாரும்மா நீ?"

"ஒதாகிங்க. இன்னிக்கு எல்லாரும் வீட்டுக்குப் போறாங்க. எனக்கு எங்க போறதுன்னு தெரியலை."

ஃபுசாயே அந்த வாரம்தான் படத்தைப் பார்த்திருந்தாள். கைகளையும் காலையும் ஒருமுறை பார்த்துவிட்டு, "முதல்ல காலைத் துடைச்சுக்கிட்டு உள்ள வா. பாயெல்லாம் நீலமாயிடும்," என்று சொல்லித் துண்டை நீட்டினாள். பதினாறாம் தேதி மலைகளில் தீ ஏற்றி இறந்தவர்களை வழியனுப்பினார்கள். மாமியார் போய்விட்டாள், வீட்டில் ஒரு நிம்மதி வந்ததை வைத்து அது தெரிந்தது. ஒதாகியும் வாசல்வரை போனாள். எந்தத் திசை என்று தெரியாமல் சற்று நேரம் நின்றாள். பிறகு உள்ளே வந்து பாத்திரம் கழுவ ஆரம்பித்தாள்.

அவளால் பெரிய தொந்தரவு இல்லை. அவள் இருக்கும் வீடு ஆகஸ்டிலும் குளிர்ந்தே இருந்தது. அக்கம்பக்கத்தார் தர்பூசணிகளைக் கொண்டுவந்து அந்த வீட்டுச் சமையலறைச் சுவரோரமாக வைத்து, குளிர்ந்ததும் எடுத்துப் போனார்கள். கதவுகளில் நீல விரல் தடம் விழுந்தது, ஃபுசாயே துடைத்தாள். ஆனால் ஒதாகிக்கு ஒன்பதாம் காட்சியிலிருந்து முப்பத்தொன்றாம் காட்சிவரைதான் ஞாபகம். துணி உலர்த்தத் தெரியும், மண்டியிடத் தெரியும், அழத் தெரியும். சாப்பிடத் தெரியாது, ஏனென்றால் சாப்பிடும் காட்சி கதையில் இல்லை. ஃபுசாயே இரண்டு நாள் பொறுத்துப் பார்த்துவிட்டுக் கணவரிடம், "இவளுக்கு ஒருவேளை சோறு எழுதக்கூட உங்களுக்கு மனசு வரலையா?" என்று கேட்டாள். குரமோச்சி கிழித்த காலண்டர் தாளின் பின்பக்கத்தில் எழுதினார்: 'பகல். சமையலறை. ஒதாகி இஞ்சி வைத்துக் குளிர்ந்த தோஃபு சாப்பிடுகிறாள்.' அவள் சாப்பிட்டாள். இன்னும் வேண்டும் என்று தட்டை நீட்டினாள். அன்றிலிருந்து காலண்டர் தாள்களில் ஒதாகி தூங்கினாள், கத்தரிக்காய் ஊறுகாய் போட்டாள், பக்கத்து வீட்டுப் பூனையைப் பார்த்துச் சிரித்தாள். ஒன்றை மட்டும் அவர் எழுதவில்லை. தினமும் காலைச் சாப்பாட்டின்போது அவள் கேட்பாள்: "எங்கம்மா பேரு என்னங்க ஐயா?" குரமோச்சி கிண்ணத்துக்குள் முகத்தை வைத்துக்கொள்வார். அவருக்கும் நியாயம் இருந்தது. பேர் வைத்தால் அந்தம்மாவும் வந்துவிடுவாள். அப்புறம் அந்தம்மாவின் அம்மா. வீட்டில் இருப்பதோ இரண்டே அறை.

படம் நன்றாக ஓடியது. அடுத்த கோடைக்கு இரண்டாம் பாகம் கேட்டார்கள். குரமோச்சி அதிகம் யோசிக்காமல் அவளைத் தீயில் கொன்றார். அறுபத்துமூன்று பேர் கும்பிட்டார்கள், படம் பிடித்தார்கள். அந்தக் காட்சி எடுத்த மத்தியானம், வீட்டில் மிளகாய் காயவைத்துக்கொண்டிருந்த ஒதாகியின் இடது கன்னம் வெந்துபோனது. ஃபுசாயே எண்ணெய் தடவிக்கொண்டே, "கொல்றதுக்கு நீங்க, மருந்து போடறதுக்கு நானா?" என்றாள். அவர் காலண்டரில் 'தழும்பு ஆறிவிட்டது' என்று எழுதினார். ஆறியது. ஆனால் எங்காவது ஒரு தியேட்டரில் படத்தைப் போட்டதும் மறுபடி வந்தது. காகிதத்தில் எழுதியதற்குக் காகிதத்தின் பலம்தான். இத்தனை பேர் கைகூப்பிவிட்டுப் படச்சுருளில் பிடித்ததன் பலம் வேறு. மூன்றாம் பாகத்தில் விஷம், பாதித் தலைமுடி போனது. அதோடு விட்டுவிடுகிறேன் என்று அவர் ஹத்தனாகாவிடம் சொன்னார். ஹத்தனாகா தடுக்கவில்லை. நோசுவே என்ற புதுக் கதாசிரியரைக் கூப்பிட்டு எழுதச் சொன்னார். நோசுவேயின் கதையில் அவளை ரம்பத்தால் நாலாக அறுத்தார்கள். அச்சுக்கு வந்த அந்தக் கையெழுத்துப் பிரதியை நான் குரமோச்சியிடம் காட்டினேன். அவர் அன்றே டப்பாவுக்குத் திரும்பினார்.

அதற்குப் பிறகு அவளைத் தானே கொல்வது என்று ஆனது, வலிக்காமல் கொல்வது. விடுதிக்குப் போவதற்கு முன் ஒதாகியின் எதிரே உட்கார்ந்து, அவள் முகத்தைப் பார்க்காமல் சொல்வார்: "இந்த வருஷம் பனி." அவள் கேட்பாள்: "வலிக்குமாங்க?" "தூக்கம் வர்ற மாதிரி இருக்குமாம்." "அப்ப சரிங்க." ஐந்தாம் பாகத்தில் ஆற்றில் போனாள். ஆறாம் பாகம் கலரில் வந்தது. நீலத்தின் சரியான நிறம் பார்க்க ஒப்பனைக்காரர் வீட்டுக்கே வந்து, ஒதாகியின் கையைப் பிடித்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்துக் குறித்துக்கொண்டு போனார். அந்தப் பாகத்தில் அவள் வெறும் துக்கத்திலேயே செத்தாள், அதுவும் திரைக்கு வெளியே. ஒரு பத்திரிகை, குரமோச்சியின் எழுத்தில் கனிவு கூடியிருக்கிறது என்று எழுதியது. ஹத்தனாகா, "என்ன வாத்தியாரே, பேய்க்குச் சளி புடிச்ச மாதிரி சாவு எழுதறீங்க?" என்றார். யாருக்கும் தெரியாமல் ஒரு மனிதர் தன் தப்பைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்துக்கொண்டிருந்தார். எனக்குத் தெரியும், ஏனென்றால் ஒவ்வொரு பக்கத்தையும் நான்தான் மெழுகுத்தாளில் எழுதினேன். அவர் எத்தனை இடத்தில் அழித்து எழுதியிருந்தார் என்பதை நான் மட்டுமே பார்த்தேன்.

1961இல் வீட்டுக்கு வீடு டெலிவிஷன் வந்தது. தியேட்டர்கள் காலியாயின. ஹத்தனாகா விடுதிக்கு ஆள் அனுப்பாமல் தானே வீட்டுக்கு வந்தார். ஒதாகி கொண்டுவந்து வைத்த பார்லி டீயை, யார் வைத்தது என்று பார்க்காமலே குடித்துவிட்டுச் சொன்னார்: "இதுதான் கடைசி. ஒரு பெரிய சாமியாரைக் கொண்டாந்து அவளை அடியோட அழிச்சுடுங்க. புகைகூட மிஞ்சக் கூடாது. போஸ்டர்ல 'இத்தோடு முடிந்தது'ன்னு போடறோம். உங்களால முடியலைன்னா பரவாயில்லை, நோசுவே எழுதுவான்." அவர் எழுந்து போனார். ஃபுசாயேயும் ஒதாகியும் பச்சை சோயாக் காயைக் கொத்திலிருந்து கிள்ளிக்கொண்டிருந்தார்கள்.

"அழிஞ்சா வலிக்குமாங்க?" என்றாள் ஒதாகி.

குரமோச்சி முதல் தடவையாக, "தெரியலை," என்றார்.

"சரிங்க ஐயா. போறதுக்கு முன்னாடி எங்கம்மா பேரை மட்டும் சொல்லிடுங்க. பேரு தெரியாம போறது ஒரு மாதிரியா இருக்கு."

ஃபுசாயே கூடையைத் தள்ளி வைத்தாள். "நீங்க போங்க, டப்பாவுக்குள்ள போய் உக்காருங்க. ஆனா இவ கதையை முடிச்சுட்டேன்னு வந்து நின்னீங்கன்னா, இந்தக் கதவு உங்களுக்குத் திறக்காது. விடுதியிலயே இருந்துக்குங்க." ஒதாகி, "விடுங்கக்கா," என்றாள். "நீ சும்மா இரு," என்றாள் ஃபுசாயே.

நாலு நாளில் எழுதும் மனிதருக்கு அந்தத் தடவை பதினோரு நாள் ஆனது. ஐந்தாம் நாள் வெந்நீர்த் தொட்டிக்குப் போகவில்லை. ஹத்தனாகா கீழே கூடத்தில் உட்கார்ந்து, காலிப் பெட்டிகளில் சிகரெட் தேடிக்கொண்டிருந்தார். பதினோராம் நாள் காலை குரமோச்சிக்கு மிகச் சாதாரணமான விஷயம் ஒன்று புரிந்தது. புதிதாக ஒரு பேர் வைத்தால்தான் புதிதாக ஒரு ஆள் வருவாள். ஏற்கெனவே வீட்டில் இருக்கிற ஆளின் பேரை வைத்தால் யாரும் வரப் போவதில்லை. ஆறு வருடமாக இது தோன்றாத தன் தலையில் பென்சிலால் தட்டிக்கொண்டதாக அவரே என்னிடம் சொன்னார். ஐம்பத்தெட்டாம் காட்சியில் சாமியார் ஜபமாலையை உயர்த்திக் கேட்கிறார்: 'இந்த ஆன்மாவை என் வீட்டுப் பிள்ளை என்று சொல்ல இவ்வுலகில் எவரேனும் உண்டா? இல்லையெனில் கரைந்துபோ!' ஐம்பத்தொன்பதாம் காட்சியில் ஒதாகியின் தாய் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வருகிறாள். பெயர், ஃபுசாயே.

ஹத்தனாகா படித்தார். தொழில் தெரிந்தவர், கண் கலங்கியது. பிறகு ஐம்பத்தொன்பதாம் காட்சித் தாளை உருவிக் கீழே வைத்தார். "கேள்வி பிரமாதம் வாத்தியாரே. பதில் வேண்டாம். பதில் வராதப்பதான் ஜனங்க அழுவாங்க." மறுத்துப் பேசினால் நோசுவே வருவார் என்று குரமோச்சிக்குத் தெரியும். சரி என்று தலையாட்டினார். அந்தத் தாளை மட்டும் மடித்து எடுத்துக்கொண்டு போய், வீட்டு வாசலில் நின்று, திறக்காத கதவின் இடுக்கு வழியாக உள்ளே தள்ளினார். உள்ளே தாளைப் பிரிக்கும் சத்தம் கேட்டது. பிறகு ஃபுசாயேயின் குரல் மட்டும் வந்தது.

"என் பேரைப் போட்டிருக்கீங்க."

"வேற பேரு போட்டா வேற ஆளு வந்துடும். இடமில்லை."

"இதை வெட்டிட்டாங்களா?"

"வெட்டிட்டாங்க."

"கேள்வியை?"

"அது இருக்கு."

கதவு திறந்தது. "அது என்னிக்கு எடுக்கறாங்க?" என்று கேட்டாள் ஃபுசாயே.

ஜூலை இருபத்தொன்றாம் தேதி எடுத்தார்கள். காலையில் எல்லாரும் கல்லறைக்குப் போனோம். தொகுசோ ஊதுபத்தியை வைத்துக்கொண்டு, "உங்களை இல்லாம பண்ணப் போறோம், கோவிச்சுக்காதீங்கன்னு எப்படிச் சொல்றது?" என்று என்னிடம் கேட்டார். சும்மா தலைகுனிந்துவிட்டு வந்தோம். காட்சியின் முடிவில் பெரிய சாயத் தொட்டி உடைந்து தளம் முழுக்க நீலம் பாய வேண்டும், அதனால் ஒரே தடவைதான் எடுக்க முடியும். ரிலீசுக்கு மூன்று வாரம் இருந்தது. பதினொன்றரைக்கு ஃபுசாயே, சாம்பல் நிறக் கோடைக் கிமோனோவும் கையில் சாப்பாட்டு மூட்டையுமாகத் தளத்துக்குள் வந்தாள். இருபது வருடத்தில் ஒருநாளும் ஸ்டுடியோ பக்கம் வராதவள். கதாசிரியரின் மனைவி சாப்பாட்டோடு வந்தால் யார் தடுப்பார்கள்? காமிராவுக்குப் பக்கத்திலேயே இடம் விட்டார்கள்.

சாமியாராக நடித்தவர் தொண்டை கிழியக் கேட்டார். இவ்வுலகில் எவரேனும் உண்டா? திரைக்கதையில் அங்கே, 'மௌனம், மூன்று விநாடி' என்று இருந்தது. மௌனத்தின் இரண்டாவது விநாடியில் ஃபுசாயே பேசினாள். கத்தவில்லை, மளிகைக் கடையில் தன் முறை வந்ததும் சொல்வாளே, அந்தக் குரல்தான்.

"இருக்கேன். நான்தான் இவ அம்மா. என் பேரு ஃபுசாயே."

இயக்குநர் இனுயி நிறுத்தச் சொல்லவில்லை. ஏன் என்று பின்னால் கேட்டபோது, வாய் வரவில்லை என்றார். மேலே இருந்த தொகுசோ, யாரும் சொல்லாமலே ஒரு விளக்கைக் குரல் வந்த பக்கம் திருப்பினார். தொட்டி உடைந்தது. நீலத் தண்ணீர் எல்லார் காலையும் நனைத்துக்கொண்டு வாசல்வரை ஓடியது. ஹத்தனாகா அதில் வழுக்கி வழுக்கி ஓடிவந்து, அந்தக் குரலை அழி அழி என்று கத்தினார். ஒலிப்பதிவாளர் நெமோத்தோ காதிலிருந்து ஹெட்போனை எடுக்காமல், "அழிக்கலாங்க, ஆனா அதோட சாமியார் குரலும் போயிடும்," என்றார். அது சுத்தப் பொய். மூன்று விநாடி இடைவெளியில் தனியாக இருந்த குரல் அது. எங்கள் எல்லாருக்கும் அது தெரியும், ஒருவரும் வாய் திறக்கவில்லை. குரமோச்சி தளத்தின் ஓரமாக, சாப்பாட்டு மூட்டையை மார்போடு அணைத்துக்கொண்டு நின்று அழுதார். ஐம்பது வயது மனிதர், பேய்ப் படம் எழுதுகிறவர், அத்தனை பேர் முன்னால் அழுதார்.

ஃபுசாயே வீட்டுக்குத் திரும்பியபோது ஒதாகி சமையலறையில் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். இரண்டு கன்னமும் ஒன்றுபோல் இருந்தன, தலைமுடி முழுக்க இருந்தது. கைகள் மட்டும் நீலமாகவே இருந்தன. அவள் வாசலைப் பார்த்து, "அம்மா, செருப்பைக் கழட்டுங்க. பாயெல்லாம் நீலமாயிடும்," என்றாள். ஆறு வருடமாக அக்கா என்று கூப்பிட்டவள். ஃபுசாயே செருப்பைக் கழற்றிவிட்டு, கழற்றிய இடத்திலேயே வெகுநேரம் உட்கார்ந்திருந்தாளாம்.

பேய் கரைந்துபோகும் கடைசிக் காட்சியை லாபரேட்டரியில் ஒழுங்காகச் செய்துதான் அனுப்பினார்கள். ஆனால் நாற்பத்தொரு பிரதிகளிலும் அது கரையவில்லை. குரல் வந்ததும் முகத்தை இடதுபக்கம் திருப்பி, யாரையோ பார்த்து, அப்படியே நின்றது. தான் திரும்பவே இல்லை என்று நடித்த நடிகை சொன்னாள். ஜனங்கள் பயப்படவில்லை, மூக்கைச் சிந்திக்கொண்டு வெளியே வந்தார்கள். அம்மா உள்ள பேயை வைத்து எவனுக்குப் பயம் காட்டுவது என்று ஹத்தனாகா அந்த வரிசையை மூடிவிட்டார். நோசுவேக்கு அணுகுண்டில் முளைத்த நண்டு ஒன்றைப் பற்றி எழுதும் வேலை வந்தது, சந்தோஷமாகப் போனார். குரமோச்சி அதற்குப் பிறகு டெலிவிஷன் வாள்சண்டைத் தொடர்கள் உட்பட ஐம்பத்துநாலு கதை எழுதினார். அவற்றில் பெண்களுக்கு ஊர், தாய், பிடித்த பலகாரம் எல்லாம் இருந்தது. கதையை நடுவில் நிறுத்திவிட்டுச் சாப்பிட்டார்கள். இதனால் படம் நீளுகிறது என்று புகார் வந்தது. அவர் வெட்ட மறுத்தார், வாய்ப்பு குறைந்தது, அதற்காக அவர் வருந்தியதாகத் தெரியவில்லை.

1970இல் ஸ்டுடியோவை மூடி நிலத்தை விற்றார்கள். சூப்பர் மார்க்கெட் வரப்போகிறது, கல்லறைக்கு உரியவர்கள் எடுத்துக்கொள்ளலாம் என்று பலகை வைத்தார்கள். ஃபுசாயே வார்டு அலுவலகத்துக்குப் போனாள். இறந்தவர் உங்களுக்கு என்ன உறவு என்று குமாஸ்தா கேட்டார். மகள் என்றாள். ஆதாரம் கேட்டார். அவள் படத்தின் பெயரைச் சொன்னாள். குமாஸ்தா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, "நான் அதை ரெண்டு தடவை பாத்தேம்மா," என்று முத்திரை குத்தினார். கல்லைக் குரமோச்சி குடும்பத்துக் கல்லறைக்குக் கொண்டுபோனோம். வண்டியில் ஏற்றும்போது ஒருபக்கம் நான் பிடித்தேன், மறுபக்கம் தொகுசோ.

குரமோச்சி 1979 வசந்தத்தில் இறந்தார். கடைசிவரை ஒதாகி அவரை ஐயா என்றுதான் கூப்பிட்டாள். அம்மாவின் பெயரை எழுதியவர் அப்பாவின் பெயரை எழுதவில்லை. ஒருமுறை நான் கேட்டுவிட்டேன், ஒரு வரிதானே, காலண்டரிலாவது எழுதிவிடலாமே என்று. "ஏழு தடவை கொன்னிருக்கேன்யா," என்றார். "எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டு எழுதறது?" ஃபுசாயே அம்மா 1983 ஜூனில் போனாள். ஒசாகாவிலிருந்து ஒரு உறவுக்காரர் வந்து வீட்டைப் பூட்டினார். விற்கப் பார்த்தார், வாங்க வந்தவர்கள் உள்ளே ஒரு பெண் நெல்லிக்காய் அளவு உருளைக்கிழங்குகளைத் தோல் சீவிக்கொண்டிருப்பதாகச் சொல்லித் திரும்பிப் போனார்கள். ஆள் இருக்கும் வீட்டை எப்படி விற்பது என்று அவரும் விட்டுவிட்டார்.

அந்த வருடம் ஆகஸ்ட் பதின்மூன்று மாலை, நான் ஒரு தர்பூசணியோடு அந்தத் தெருவுக்குப் போனேன். வாசலில் மண்தட்டு இருந்தது. சணல் தட்டைகளைக் குறுக்கும் நெடுக்குமாக ஒழுங்காக அடுக்கி, ஒதாகி குனிந்து பற்றவைத்துக்கொண்டிருந்தாள். தட்டின் விளிம்பில் நீல விரல் தடம். தீ பிடித்துப் புகை எழுந்ததும் எழுந்து, தெருவின் இரண்டு பக்கமும் பார்த்தாள். அதிக நேரம் ஆகவில்லை. அவள் முகம் மலர்ந்தது. முதலில், "வாங்கம்மா," என்றாள். பிறகு, பின்னால் தயங்கி நிற்கும் ஒருவரிடம் பேசுவதுபோல் குரலைத் தாழ்த்தினாள்.

"அங்கேயே ஏன் நிக்கறீங்கப்பா? காலைத் துடைச்சுக்கிட்டு உள்ள வாங்க."

துண்டை நீட்டினாள், துண்டு அவள் கையிலிருந்து போனது. எனக்கும் ஒரு வணக்கம் சொன்னாள். நான் தர்பூசணியை வழக்கமான இடத்தில், சமையலறைச் சுவரோரமாக வைத்தேன். கால் மணி நேரத்தில் நன்றாகக் குளிர்ந்துவிட்டது, நாலாக வெட்டினோம்.